வீட்டுக் கம்ப்யூட்டருக்கு டிஸ்க் இமேஜ்: டெல்டாக்காரர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

புரட்டாசி பிறந்தாலே கும்பகோணம், மன்னார்குடி, பட்டுக்கோட்டை, நாகப்பட்டினம் பக்கத்து வீடுகளிலிருந்தும் சின்னக் கடைகளிலிருந்தும் இந்தக் கேள்விகள் வரத் தொடங்கிவிடும். பதில்களையெல்லாம் ஒன்றை மனதில் வைத்தே எழுதியிருக்கிறேன். கம்ப்யூட்டரை மீட்க வேண்டிய நாளில் கரண்ட் சீராக இருக்காது, நெட் இருக்காது, விவரம் தெரிந்த ஆள் பக்கத்தில் இருக்கமாட்டார். 2018 நவம்பர் 16 அதிகாலையில் கஜா புயல் வேதாரண்யம் பக்கம் கரையேறிய பிறகு எத்தனையோ ஊர்களில் வாரக்கணக்கில் மின்சாரம் இல்லை. அப்படி ஒரு வாரம் மறுபடி வந்தாலும் தாங்குமா என்று பார்த்துத்தான் மென்பொருளையும் டிஸ்க்கையும் இங்கே சொல்கிறேன்.

### போட்டோ, டாக்குமெண்ட் எல்லாம் பென்டிரைவில் காப்பி போட்டு வைத்திருக்கிறேன். இமேஜ் என்று தனியாக எதற்கு?

காப்பி போட்டால் ஃபைல்கள் மட்டும் தப்பிக்கும். விண்டோஸ், அதில் ஏற்றிய மென்பொருள்கள், பிரிண்டர் டிரைவர், வருஷக்கணக்கில் செய்து வைத்த அமைப்புகள் எதுவும் பென்டிரைவில் இருக்காது. ஹார்டுடிஸ்க் போனால் புது டிஸ்க் வாங்கி, விண்டோஸ் போட்டு, ஒவ்வொன்றாகத் தேடித் தேடி ஏற்ற வேண்டும். இமேஜ் என்பது டிஸ்க்கை முழுசாக எடுத்து வைப்பது. பூட் ஆவதற்கான, அதாவது ஆன் செய்ததும் விண்டோஸ் எழுந்து வருவதற்கான சின்னப் பகுதி, விண்டோஸ் இருக்கும் சி டிரைவ், கடைசியில் ஒளிந்திருக்கும் ரெக்கவரி பகுதி எல்லாம் அதே வரிசையில் பதிவாகும். திரும்ப இறக்கினால், எடுத்த அன்று எப்படி இருந்ததோ அப்படியே கம்ப்யூட்டர் எழுந்து வரும்.

டைப்பிங் சென்டர், டிடிபி வைத்திருப்பவர்களுக்கு இதன் அருமை உடனே புரியும். பத்திர நகல், கல்யாணப் பத்திரிகை, கும்பாபிஷேக அழைப்பிதழ் என்று எத்தனையோ வருஷத்து வேலை பாமினி, வானவில் எழுத்துருக்களில், பேஜ்மேக்கர் என்ற பக்க வடிவமைப்பு மென்பொருளின் ஃபைல்களாகக் கிடக்கும். யூனிகோடுக்கு முந்தைய அந்த எழுத்துருக்கள் இல்லாத கம்ப்யூட்டரில் அதே ஃபைலைத் திறந்தால், தமிழுக்குப் பதில் ஆங்கில எழுத்தும் குறிகளுமாக வரும். ஃபைல் பத்திரமாக இருக்கும், படிக்கத்தான் முடியாது. பேஜ்மேக்கரின் கடைசிப் பதிப்பு 2001-இல் வந்தது. அதன் சிடியை இன்றைக்கும் கையில் வைத்திருப்பவர்கள் ரொம்பக் குறைவு. இமேஜ் எடுத்திருந்தால் எழுத்துரு, கீபோர்டு மென்பொருள், பேஜ்மேக்கர் மூன்றும் ஒன்றாகத் திரும்பி வரும்.

அதற்காகக் காப்பி போடுவதை நிறுத்திவிடாதீர்கள். இமேஜ் கம்ப்யூட்டருக்கு, காப்பி அன்றாட ஃபைலுக்கு. இரண்டும் வேண்டும்.

### விண்டோஸிலேயே சிஸ்டம் ரீஸ்டோர், ரீசெட் எல்லாம் இருக்கிறதே?

சிஸ்டம் ரீஸ்டோர், விண்டோஸின் அமைப்புகளை முந்தைய தேதிக்குக் கொண்டுபோகும். அழிந்த போட்டோவைத் திருப்பித் தராது. ரீசெட் உங்கள் ஃபைலை வைத்துக்கொண்டு, நீங்கள் ஏற்றிய மென்பொருள்களைத் தூக்கிவிடும். இரண்டுமே அதே டிஸ்க்குக்குள் நடக்கிற வேலை. டிஸ்க்கே போய்விட்டால் இரண்டும் இல்லை.

### எந்த மென்பொருள் நல்லது? காசு கொடுத்து வாங்க வேண்டுமா?

வீட்டுக்கு வாங்க வேண்டியதில்லை. நான் முதலில் சொல்வது ரெஸ்கியூஜில்லா. இதை விண்டோஸுக்குள் ஏற்றத் தேவையில்லை. ஒரு பென்டிரைவில் எழுதி, அதிலிருந்து கம்ப்யூட்டரை பூட் செய்தால் பேக்கப், ரீஸ்டோர், வெரிஃபை என்று பெரிய பட்டன்களோடு ஒரு திரை வரும். கணக்கு தொடங்க வேண்டாம், லைசென்ஸ் வேண்டாம், நெட் வேண்டாம். எடுத்த பென்டிரைவே மீட்கிற பென்டிரைவும் ஆகும். நம் ஊர் நிலைமைக்கு இதைவிடப் பெரிய குணம் எனக்குத் தெரியவில்லை.

இதற்கு மூத்தது குளோன்ஜில்லா. தைவானில் உருவாக்கி, இன்றுவரை பராமரித்து வருகிறார்கள். நம்பகமானது, ஆனால் திரை முழுக்க எழுத்துகள்தான், மவுஸுக்கு வேலையில்லை. குளோன்ஜில்லாவில் எடுத்த இமேஜை ரெஸ்கியூஜில்லா திறக்கும். ஆகவே முன்பு யாராவது குளோன்ஜில்லாவில் எடுத்துக் கொடுத்திருந்தால் அது வீண் இல்லை.

இந்த இரண்டிலும் ஒரு குறை உண்டு. விண்டோஸை அணைத்துவிட்டுத்தான் எடுக்க முடியும். ஒவ்வொரு முறையும் முழு இமேஜ்தான், மாறியதை மட்டும் எடுக்கத் தெரியாது. தினமும் கணக்கு எழுதும் கடை, நெல் வியாபாரம், மருந்துக்கடை என்றால் வீம் ஏஜென்ட் இலவசப் பதிப்பு பொருத்தமாக இருக்கும். விண்டோஸ் ஓடிக்கொண்டிருக்கும்போதே குறித்த நேரத்தில் தானாக எடுக்கும். முதல் முறை முழுசாக, பிறகு மாறிய பகுதிகள் மட்டும். டவுன்லோடு செய்யும்போது பதிவு செய்யச் சொல்லும். மீட்புக்கான பென்டிரைவை ஆரம்பத்திலேயே அதிலிருந்து தயாரித்துக்கொள்ளுங்கள்.

மேக்ரியம் ரிஃப்ளெக்ட் இலவசப் பதிப்பைப் பலர் இன்னும் கேட்கிறார்கள். 2024 ஜனவரியோடு அதன் ஆதரவு முடிந்தது. காசு கொடுத்து வாங்கும் பதிப்பு நல்ல பொருள், அக்ரோனிஸ் ட்ரூ இமேஜும் அப்படித்தான். கிராக் போட்ட பதிப்பு மட்டும் வேண்டவே வேண்டாம். டிஸ்க் முழுவதையும் படிக்கிற அனுமதியை யார் செய்ததென்று தெரியாத ஒன்றின் கையில் கொடுக்கலாமா?

கன்ட்ரோல் பேனலில் விண்டோஸ் 7 காலத்து பேக்கப் அண்ட் ரீஸ்டோர் இன்னும் இருக்கிறது. மைக்ரோசாஃப்டே 2017-இல் அதைக் கைவிடும் பட்டியலில் சேர்த்துவிட்டது. புதிதாகத் தொடங்குபவர்கள் அந்தப் பக்கம் போக வேண்டாம்.

### "கோஸ்ட் அடிச்சுக் கொடுங்க தம்பி" என்றுதான் நாங்கள் கேட்டுப் பழக்கம். அது இப்போது இல்லையா?

நார்ட்டன் கோஸ்ட் 2013-இலேயே நிறுத்தப்பட்டது. செய்கிற வேலை இதே வேலைதான் ஐயா. ஆன் செய்ததும் முதலில் ஓடும் மென்பொருளுக்குப் பயாஸ் என்று பெயர், அதன் புது வகை யூஇஎஃப்ஐ. பழைய கோஸ்ட் சிடியைக் கொண்டு இப்போதைய யூஇஎஃப்ஐ கம்ப்யூட்டர்களைத் தொடாதீர்கள். அந்தச் சிடி இந்த வகை டிஸ்க் அமைப்புக்கு முந்தைய காலத்தது.

### இமேஜை டி டிரைவில் வைக்கலாமா? அங்கே 300 ஜிபி காலியாக இருக்கிறது.

கூடாது. சியும் டியும் பெரும்பாலான வீடுகளில் ஒரே டிஸ்க்கின் இரண்டு துண்டு. இடி இறங்கினாலும், தண்ணீர் புகுந்தாலும், டிஸ்க் தானாகப் பழுதானாலும் இரண்டும் சேர்ந்தே போகும். விதைநெல்லை விற்கிற நெல்லோடு ஒரே குதிரில் கொட்டி வைப்பதில்லை அல்லவா? தனியாக ஒரு எக்ஸ்டர்னல் ஹார்டுடிஸ்க் வாங்குங்கள்.

1 டிபி டிஸ்க் சாதாரண வீட்டுக்குப் போதும். காலி இடத்தை விட்டுவிட்டு, பயன்பட்ட இடத்தை மட்டும் சுருக்கி எடுப்பதால், 150 ஜிபி பயன்பட்டிருந்தால் இமேஜ் அதைவிடச் சிறியதாகவே வரும். போட்டோவும் வீடியோவும் ஏற்கெனவே சுருக்கப்பட்டவை, அவை மேலும் சுருங்காது. டிஸ்க்கை என்டிஎஃப்எஸ் ஆக ஃபார்மட் செய்து வைத்துக்கொள்ளுங்கள். எஃப்ஏடி32-இல் ஒரு ஃபைல் 4 ஜிபியைத் தாண்ட முடியாது. இமேஜ் பாதியில் நின்றால் இதுவும் ஒரு காரணமாக இருக்கலாம்.

பென்டிரைவில் இமேஜ் வைப்பதை நான் சிபாரிசு செய்வதில்லை. பூட் செய்ய மட்டும் பென்டிரைவ். நீண்ட நாள் கரண்ட் காட்டாமல் பீரோவில் வைப்பதற்கு எஸ்எஸ்டியைவிடப் பழைய வகை ஹார்டுடிஸ்க்கே மேல்.

### எவ்வளவு நேரம் ஆகும்?

நீல நிற யூஎஸ்பி 3 போர்ட்டில் செருகினால் 150 ஜிபிக்கு அரை மணியிலிருந்து முக்கால் மணி. அதையே பழைய யூஎஸ்பி 2 போர்ட்டில் செருகினால் ஒரு மணி நேரத்துக்கு மேல் இழுக்கும். கம்ப்யூட்டர் பழையது என்றால் இன்னும் கூடும்.

### நடுவில் கரண்ட் போனால் கம்ப்யூட்டரே கெட்டுவிடுமா?

இமேஜ் எடுக்கும்போது போனால் உங்கள் கம்ப்யூட்டருக்கு ஒன்றும் ஆகாது. அதிலிருந்து படிக்க மட்டும்தான் செய்கிறது. பாதியில் நின்ற இமேஜை அழித்துவிட்டு மறுபடி எடுங்கள். புது இமேஜ் சரிபார்த்து முடியும்வரை பழைய இமேஜை அழிக்காதீர்கள், அதுதான் முக்கியம்.

மீட்கும்போது போனால் டிஸ்க் அரைகுறையாக நிற்கும், பூட் ஆகாது. பயப்பட வேண்டாம். இமேஜ் அப்படியே இருக்கிறது, கரண்ட் வந்ததும் முதலிலிருந்து தொடங்கலாம்.

டெஸ்க்டாப்புக்குப் போடும் சின்ன யூபிஎஸ் ஒழுங்காக ஷட்டவுன் செய்ய நேரம் கொடுக்கும், ஒரு மணி நேர வேலையைத் தாங்காது. இன்வெர்ட்டர் லைனில் கம்ப்யூட்டரைப் போடுங்கள். மின்வாரியத்தின் மாதாந்திரப் பராமரிப்பு நாளைப் பேப்பரில் பார்த்துவிட்டு, அன்று வேண்டாம். பம்புசெட்டுகள் எல்லாம் ஒன்றாக ஓடி வோல்டேஜ் இறங்கும் நேரமும் வேண்டாம். லேப்டாப்பில் சார்ஜ் முழுசாக இருந்தால் இந்தக் கவலை பாதி குறையும்.

### முதல் முறை எடுக்கிறேன். எப்படி என்று வரிசையாகச் சொல்லுங்கள்.

ரெஸ்கியூஜில்லாவை இறக்கி, பூட் பென்டிரைவ் தயாரிக்கும் ரூஃபஸ் என்ற மென்பொருள் மூலம் ஒரு பென்டிரைவில் எழுதுங்கள். அந்தப் பென்டிரைவில் முன்பு இருந்தது எல்லாம் அழியும். பிறகு விண்டோஸை ஷிஃப்ட் விசையை அழுத்திக்கொண்டே ஷட்டவுன் கொடுத்து அணையுங்கள். சாதாரணமாக அணைத்தால் ஃபாஸ்ட் ஸ்டார்ட்டப் என்ற அமைப்பு விண்டோஸைப் பாதி உறக்கத்தில் விட்டுவைக்கும். அந்த நிலையில் சி டிரைவைப் படிக்க ரெஸ்கியூஜில்லா மறுக்கலாம்.

பென்டிரைவையும் எக்ஸ்டர்னல் டிஸ்க்கையும் செருகி, ஆன் செய்த உடனே பூட் மெனு விசையைத் தட்டுங்கள். டெல், லெனோவோ என்றால் பெரும்பாலும் எஃப்12. எச்பி என்றால் எஸ்கேப், பிறகு எஃப்9. ஆசஸ் லேப்டாப்பில் எஸ்கேப். எது வேலை செய்ததோ அதை ஒரு சின்ன டேப்பில் எழுதிப் பென்டிரைவிலேயே ஒட்டுங்கள்.

திரை வந்ததும் பேக்கப். எந்த டிஸ்க்கை எடுக்க என்று கேட்கும். இங்கே கொள்ளளவையும் மாடல் பெயரையும் பார்த்துத் தேர்வு செய்யுங்கள். அடுத்து பகுதிகளின் பட்டியல் வரும். பொதுவாக 100 எம்பி அளவில் ஒன்று, 16 எம்பியில் ஒன்று, பெரிய சி, பிறகு சில நூறு எம்பியில் ரெக்கவரி என்று இருக்கும். "இந்தச் சின்னதெல்லாம் எதற்கு" என்று டிக்கை எடுத்துவிடாதீர்கள். அந்த 100 எம்பி இல்லாவிட்டால் சி டிரைவ் முழுசாகத் திரும்பி வந்தாலும் கம்ப்யூட்டர் பூட் ஆகாது. எல்லாவற்றையும் டிக் செய்தபடி விட்டு, சேமிக்கும் இடமாக எக்ஸ்டர்னல் டிஸ்க்கைக் காட்டுங்கள். பெயரில் தேதியையும் எந்தக் கம்ப்யூட்டர் என்பதையும் போடுங்கள். "புது ஃபோல்டர் 3" என்று இருந்தால் அவசர நாளில் எதைத் திறப்பது?

### எடுத்த இமேஜ் சரியாக இருக்கிறதா என்று எப்படித் தெரியும்?

இதை வாசகர்கள் கேட்பதைவிட நானாகச் சொல்வதுதான் அதிகம். எடுத்து முடித்ததும் பீரோவில் வைத்துப் பூட்டிவிடுகிறார்கள். மூன்று வருஷம் கழித்துத் தேவைப்படும்போதுதான் அது திறக்காதது தெரிகிறது.

முதல் சோதனை, மென்பொருளிலேயே உள்ள வெரிஃபை. இமேஜின் ஒவ்வொரு துண்டையும் திரும்பப் படித்து, கெட்டிருந்தால் சொல்லும். எடுத்த நேரம் அளவுக்கு இதற்கும் நேரம் ஆகும், பொறுத்திருந்து பாருங்கள். இரண்டாவது, இமேஜைத் திறந்து உள்ளேயிருந்து நான்கு ஃபைலை எடுத்துப் பார்ப்பது. ரெஸ்கியூஜில்லாவில் இமேஜ் எக்ஸ்ப்ளோரர் என்று இருக்கிறது, வீமில் ஃபைல் லெவல் ரீஸ்டோர். பழைய கல்யாண ஆல்பத்திலிருந்து ஒரு போட்டோ, கணக்கிலிருந்து ஒரு ஃபைல், ஒரு பேஜ்மேக்கர் ஃபைல் என்று எடுத்துத் திறங்கள்.

மூன்றாவதுதான் உண்மையான சோதனை. பழைய டிஸ்க் ஒன்று வீட்டில் கிடந்தால், கம்ப்யூட்டரின் டிஸ்க்கைக் கழற்றி வைத்துவிட்டு, அந்தப் பழைய டிஸ்க்கைப் போட்டு இமேஜை இறக்கிப் பாருங்கள். விண்டோஸ் எழுந்தால் உங்கள் ஏற்பாடு முழுமை. டெஸ்க்டாப்பில் இது ஒரு மாலை நேர வேலை. லேப்டாப்பைத் திறக்கத் தயக்கமாக இருந்தால், குறைந்தது மீட்புப் பென்டிரைவில் பூட் ஆகி எக்ஸ்டர்னல் டிஸ்க்கும் உள்ளே இருக்கும் டிஸ்க்கும் கண்ணுக்குத் தெரிகின்றனவா என்று பாருங்கள். தெரியாவிட்டால் அதை இன்றைக்கே சரிசெய்யலாம், நெட் இருக்கிறது.

இன்னொன்று, மீட்கும் வழிமுறையைக் காகிதத்தில் எழுதி டிஸ்க்கோடு வையுங்கள். டெஸ்க்டாப்பில் பிடிஎஃப் ஆக வைத்திருந்தால் அது செத்துப்போன கம்ப்யூட்டருக்குள் இருக்கும்.

### பிட்லாக்கர் என்று ஏதோ கேட்கிறது. 48 இலக்க எண் எங்கே போய்த் தேடுவது?

பிட்லாக்கர் என்பது டிஸ்க்கைப் பூட்டும் விண்டோஸ் வசதி. புது விண்டோஸ் 11 லேப்டாப்களில் டிஸ்க் தானாகவே பூட்டப்பட்டு வருகிறது. 2024-இல் வந்த 24எச்2 பதிப்புக்குப் பிறகு இது இன்னும் அதிகம். மீட்ட பிறகோ, பயாஸ் அமைப்பை மாற்றிய பிறகோ, மதர்போர்டு மாறினாலோ அந்த 48 இலக்க ரெக்கவரி எண்ணைக் கேட்கும். அது பெரும்பாலும் லேப்டாப்பை முதலில் ஆன் செய்தபோது கொடுத்த மைக்ரோசாஃப்ட் கணக்கில் இருக்கும். பல வீடுகளில் அந்தக் கணக்கு பிள்ளையின் பழைய மெயில், பாஸ்வேர்டு யாருக்கும் நினைவில்லை. இன்றைக்கே உள்ளே போய் எண்ணைப் பார்த்துக் காகிதத்தில் எழுதி, ரேஷன் கார்டு, பத்திரம் வைக்கிற இடத்தில் வையுங்கள். எண் இல்லாவிட்டால் யாராலும் திறக்க முடியாது, கடையில் கொடுத்தாலும் நடக்காது.

பூட்டிய டிஸ்க்கை வெளியிலிருந்து எடுத்தால் ரெஸ்கியூஜில்லாவால் உள்ளே என்ன இருக்கிறது என்று பார்க்க முடியாது. காலி இடத்தையும் சேர்த்து முழுசாக எடுக்கும், 512 ஜிபி டிஸ்க் என்றால் இமேஜும் ஏறக்குறைய அந்த அளவு. அப்படிப்பட்ட லேப்டாப்புக்கு விண்டோஸுக்குள் இருந்தே எடுக்கும் வீம் பொருத்தம். அப்போது இமேஜ் பூட்டில்லாமல் இருக்கும் என்பதால் அதற்கு ஒரு பாஸ்வேர்டு போட்டுவிடுங்கள்.

அறியாத மென்பொருள் பூட் ஆவதைத் தடுக்கும் செக்யூர் பூட் காரணமாகப் பென்டிரைவ் பூட் ஆகாமல், அதை பயாஸில் அணைக்க வேண்டி வந்தால், அந்த 48 இலக்கம் கையில் இருக்கிறதா என்று பார்த்த பிறகு அணையுங்கள்.

### டிஸ்க் போய்விட்டது, புது டிஸ்க் போட்டாச்சு. எப்படி மீட்பது?

அவசரம் வேண்டாம். முதலில், மீட்பதற்குத் தேவையில்லாத எல்லா யூஎஸ்பி டிஸ்க்கையும் பிடுங்கிவிடுங்கள். ரீஸ்டோர் என்பது எழுதுகிற வேலை. எந்த டிஸ்க்கைக் காட்டுகிறீர்களோ அதில் இருந்தது போய்விடும். பூட் செய்து ரீஸ்டோர் கொடுத்து, இமேஜ் இருக்கும் டிஸ்க்கைக் காட்டி, தேதியைப் பார்த்து இமேஜைத் தேர்வு செய்யுங்கள். அடுத்த திரையில் "எந்த டிஸ்க்கில் இறக்க" என்ற கேள்வி வரும். இங்கே ஒரு நிமிஷம் நின்று, கொள்ளளவையும் மாடலையும் வாய்விட்டுப் படியுங்கள். உள்ளே இருப்பது 500, வெளியே இருப்பது 1 டிபி என்றால் குழப்பம் வராது. இரண்டும் ஒரே அளவாக இருந்தால் மாடல் பெயரைக் கொண்டுதான் பிரிக்க வேண்டும். எக்ஸ்டர்னல் டிஸ்க் வாங்கும்போதே வேறு அளவில் வாங்குங்கள் என்று நான் சொல்வது இதற்காகத்தான்.

முடிந்ததும் பென்டிரைவையும் எக்ஸ்டர்னல் டிஸ்க்கையும் கழற்றிவிட்டு ஆன் செய்யுங்கள். பயாஸில் பூட் வரிசை மாறியிருந்தால் சரிசெய்ய வேண்டிவரும். விண்டோஸ் வந்த பிறகு, இமேஜ் எடுத்த தேதிக்குப் பின் செய்த வேலைகளை உங்கள் தினசரிக் காப்பியிலிருந்து மேலே போட்டுக்கொள்ளுங்கள். பழைய டிஸ்க் கொஞ்சமாவது படிக்கிறது என்றால், மீட்கத் தொடங்கும் முன்பே அதிலிருந்து புது ஃபைல்களை எடுத்துவிடுங்கள்.

### 1 டிபி ஹார்டுடிஸ்க்கில் எடுத்ததை 256 ஜிபி எஸ்எஸ்டியில் இறக்கலாமா?

ரெஸ்கியூஜில்லாவிலும் குளோன்ஜில்லாவிலும் புது டிஸ்க் அதே அளவோ பெரியதோ இருக்க வேண்டும். பயன்பட்ட இடம் வெறும் 90 ஜிபி என்றாலும் விதி இதுதான். எஸ்எஸ்டிக்கு மாறப்போகிறீர்கள் என்று முன்பே தெரிந்தால், இமேஜ் எடுக்கும் முன் விண்டோஸின் டிஸ்க் மேனேஜ்மென்ட்டில் சி டிரைவைச் சுருக்கிப் பார்க்கலாம். ஆனால் கடைசியில் இருக்கும் ரெக்கவரி பகுதி இடிக்கும், புதியவர்களுக்கு அது தலைவலி. அளவை மாற்றி இறக்கத் தெரிந்த கட்டண மென்பொருளை நாடலாம், அல்லது 1 டிபி எஸ்எஸ்டியே வாங்கிவிடலாம்.

### கம்ப்யூட்டரே போச்சு. இமேஜை வேறு கம்ப்யூட்டரில் இறக்கினால் ஓடுமா?

விண்டோஸ் 10, 11 பெரும்பாலும் ஓடிவிடும். முதல் பூட்டில் புது டிரைவர்களைத் தேடிக்கொண்டு கொஞ்ச நேரம் எடுக்கும். நீலத் திரையில் பூட் டிவைஸைக் காணோம் என்று வந்தால், டிஸ்க் கன்ட்ரோலர் அமைப்பு வேறாக இருக்கிறது என்று பொருள். பயாஸில் ஆர்ஏஐடி, ஏஎச்சிஐ என்ற அமைப்பை மாற்றிப் பாருங்கள். பழைய பயாஸ் முறையில் எடுத்த இமேஜை யூஇஎஃப்ஐ மட்டும் உள்ள புது லேப்டாப்பில் நேராக இறக்கினால் பூட் ஆகாது.

லேப்டாப்போடு வந்த விண்டோஸ் லைசென்ஸ் அந்த மதர்போர்டுக்கு உரியது. புதியதில் தனி லைசென்ஸ் வேண்டும். கணக்கு மென்பொருளான டேலியும் மறுபடி ஆக்டிவேட் செய்யச் சொல்லும். அதற்கு நெட் தேவைப்படும் என்பதால், டேலி டேட்டா ஃபோல்டரைத் தினமும் தனியாக ஒரு பென்டிரைவில் எடுத்து வைப்பது இமேஜ் இருந்தாலும் கட்டாயம்.

### பிள்ளைக்கு அரசு கொடுத்த பழைய லேப்டாப். அதில் விண்டோஸ், லினக்ஸ் இரண்டும் இருக்கிறது.

2011-இல் தொடங்கிய விலையில்லா மடிக்கணினித் திட்டத்தில் வந்தவை பல, விண்டோஸோடு பாஸ் லினக்ஸும் சேர்ந்து வந்தவை. முழு டிஸ்க் இமேஜ் எடுத்தால் இரண்டும் வரும். சி டிரைவ் மட்டும் எடுத்தால் தொடக்கத்தில் எதைத் திறப்பது என்று கேட்கும் மெனு போய்விடும். ரேம் குறைவு என்றால் ரெஸ்கியூஜில்லா திணறும், அங்கே குளோன்ஜில்லா நன்றாக ஓடும்.

### எத்தனை நாளுக்கு ஒருமுறை எடுக்க வேண்டும்?

வீட்டுக்கு வருஷத்தில் இரண்டு முழு இமேஜ் போதும். ஒன்று, புரட்டாசிக்குள், அதாவது வடகிழக்குப் பருவமழைக்கு முன். இரண்டாவது, மார்ச் கணக்கு முடிந்த பிறகு. நடுவில் பெரிய மென்பொருள் எதையாவது ஏற்றினால் அதற்கு முன் ஒன்று. ஃபைல்களின் காப்பி வாராவாரம்.

கடைக்கு வீம் போட்டிருந்தால் தினமும் ஓடட்டும். மாறியதை மட்டும் எடுக்கும் முறையில் ஒவ்வொன்றும் முந்தையதைப் பிடித்துக்கொண்டு நிற்கும். நடுவில் ஒன்று கெட்டால் அதற்குப் பின் வந்தவை பயன்படாது. இடம் நிறைந்துவிட்டது என்று அந்த ஃபோல்டரிலிருந்து கையால் எதையும் அழிக்காதீர்கள்.

### எக்ஸ்டர்னல் டிஸ்க்கை எப்போதும் செருகியே வைத்திருக்கலாமா?

வேண்டாம். ஃபைல்களைப் பூட்டிப் பணம் கேட்கும் ரேன்சம்வேர் உள்ளே வந்தால் செருகியிருக்கும் எல்லா டிஸ்க்கையும் சேர்த்துப் பூட்டும், இமேஜ் ஃபைலையும் விடாது. ஐப்பசி இடியில் போர்டு எரிந்தால் அதோடு இணைந்திருப்பதும் போகலாம். எடுத்து முடித்ததும் சேஃப்லி ரிமூவ் கொடுத்துக் கழற்றிவிடுங்கள். தினமும் ஓடுகிற கடைகளுக்கு இரண்டு டிஸ்க் வைத்து மாற்றி மாற்றிச் செருகுவதுதான் வழி.

### அதை எங்கே வைப்பது?

ஒன்று வீட்டில். தரை மட்டத்தில் வேண்டாம், பீரோவின் மேல் தட்டிலோ பரணிலோ, சிலிக்கா ஜெல் பொட்டலத்தோடு காற்றுப் புகாத டப்பாவில். கடற்கரை ஊர்களில் உப்புக் காற்று கனெக்டரை அரிக்கும், டப்பா அவசியம்.

இரண்டாவது, வெளியூரில். பக்கத்துத் தெரு அத்தை வீட்டில் வைப்பது திருட்டுக்கும் தீக்கும் சரி, புயலுக்குச் சரிவராது. கஜா ஒரே இரவில் நாகை, திருவாரூர், தஞ்சை, புதுக்கோட்டை மாவட்டங்களை அடித்துவிட்டுப் போனது. சென்னையிலோ கோயம்புத்தூரிலோ வேலை பார்க்கும் பிள்ளை தீபாவளிக்கு வரும்போது புது இமேஜ் உள்ள டிஸ்க்கைக் கொடுத்தனுப்புங்கள். பொங்கலுக்கு வரும்போது அடுத்த டிஸ்க்கோடு மாற்றிக்கொள்ளலாம். வெளியே போகும் டிஸ்க்குக்குப் பாஸ்வேர்டு போட்டு, அதை இரண்டு பேருக்காவது சொல்லி வையுங்கள்.

கிளவுடில் முழு இமேஜையும் ஏற்றுவது நம் பக்கத்து அப்லோடு வேகத்துக்குக் கட்டுப்படியாகாது. கூகுளில் இலவசம் 15 ஜிபி, ஒன்டிரைவில் 5 ஜிபி. முக்கியமான ஆவணங்களை மட்டும் அங்கே வையுங்கள்.

### டிஸ்க் 'டிக் டிக்' என்று சத்தம் போடுகிறது. இப்போது இமேஜ் எடுக்கலாமா?

வேண்டாம். டிஸ்க்கை முழுசாகப் படிக்கவைத்தால் பாதி வழியில் நின்றுவிடலாம். விண்டோஸின் டிஸ்க் சரிபார்ப்பான செக்டிஸ்க்கையும் ஓட்டாதீர்கள், அது சாகிற டிஸ்க்கை மேலும் வேலை வாங்கும். கிரிஸ்டல்டிஸ்க்இன்ஃபோ என்ற இலவச மென்பொருளில் எச்சரிக்கை மஞ்சளாக இருந்து, சத்தம் இல்லாவிட்டால், முதலில் மிக முக்கியமான ஃபைல்களை வெளியே எடுத்துவிட்டு, பிறகு இமேஜ் எடுத்துப் பார்க்கலாம். சத்தம் வந்துவிட்டால் அணைத்துவிட்டு, டேட்டா மீட்பவரிடம் கொண்டுபோங்கள்.

### வெள்ளத்தில் சிபியூ நனைந்துவிட்டது. வெயிலில் காய வைத்தால் ஓடுமா?

ஆன் செய்து பார்க்காதீர்கள். வெயிலில் வைப்பது, ஹேர் டிரையர் பிடிப்பது, அரிசிக்குள் புதைப்பது எதுவும் வேண்டாம். இமேஜ் இருந்தால் அந்த டிஸ்க்கை மறந்துவிட்டுப் புது டிஸ்க்கில் இறக்குங்கள். இமேஜ் இல்லையென்றால் நனைந்த டிஸ்க்கை அப்படியே பிளாஸ்டிக் கவரில் போட்டு, டேட்டா மீட்கும் இடத்துக்கு அனுப்புங்கள். கரண்ட் காட்டாமல் போன டிஸ்க்குக்கே வாய்ப்பு அதிகம்.

### விண்டோஸ் 10-இலிருந்து 11-க்கு மாறுகிறேன். முன்பே இமேஜ் எடுக்க வேண்டுமா?

கட்டாயம். விண்டோஸ் 10-க்கான பொதுவான ஆதரவு 2025 அக்டோபர் 14-இல் முடிந்துவிட்டதால் பலரும் மாறுகிறார்கள். மாறிய பிறகு பிடிக்கவில்லை என்றால் பழையதற்குத் திரும்ப விண்டோஸ் தரும் அவகாசம் பத்தே நாள்தான். பழைய ஸ்கேனரோ பேஜ்மேக்கரோ ஓடவில்லை என்பது அதற்குப் பிறகுகூடத் தெரியவரும். இமேஜ் இருந்தால் நாள் கணக்கு கிடையாது.

### புது டிஸ்க்கில் எல்லாம் ஓடுகிறது. பழைய டிஸ்க்கைப் பழைய சாமான் கடையில் போட்டுவிடலாமா?

ஓரிரு மாதம் வைத்திருங்கள், விட்டுப்போன ஃபைல் ஏதாவது நினைவுக்கு வரும். விண்டோஸ் ஓடும்போது இரண்டையும் ஒன்றாகச் செருகினால் ஒரே அடையாள எண் என்று ஒன்றை விண்டோஸ் ஆஃப்லைனில் வைக்கலாம், அது பழுதில்லை. பிறகு கொடுப்பதாக இருந்தால் குவிக் ஃபார்மட் போதாது, உள்ளே இருப்பது அப்படியே இருக்கும். ஹார்டுடிஸ்க்கில் குவிக் டிக்கை எடுத்துவிட்டு முழு ஃபார்மட் கொடுங்கள். எஸ்எஸ்டி என்றால் தயாரிப்பாளரின் மென்பொருளில் செக்யூர் எரேஸ். ஓடவே ஓடாத ஹார்டுடிஸ்க்கைத் திறந்து, உள்ளே இருக்கும் பளபளப்பான தட்டில் டிரில் போட்டுவிட்டுக் கொடுங்கள். அதில் உங்கள் ஆதார் நகலும் பேங்க் பாஸ்புக் ஸ்கேனும் இருக்கின்றன.